கண் எரியாத வெங்காயம்

போன வாரம் ஒரு பெண் போன் செய்தாள். சாலையோரத் தோட்ட வேலையில் புதிதாகச் சேர்ந்த அதிகாரியாம். குரலைக் கேட்டால் நேற்றுத்தான் பள்ளிக்கூடம் விட்டு வந்தவள் போல இருந்தது.

"ஆன்டி, மழை லில்லியைச் சொன்ன தேதியில பூக்க வைக்கத் தெரிஞ்ச ஆள் நீங்கதான்னு ஆபீஸ்ல சொன்னாங்க. எப்படின்னு கொஞ்சம் சொல்லுங்களேன்."

"எந்தத் தேதிக்குப் பூக்கணும்?"

"பெரிய ஆளு ஒருத்தர் வர்ற தேதிக்கு ஆன்டி."

"சரிம்மா. பூ வந்துரும். பெரிய ஆளு வருவாரா?"

அவளுக்குப் புரியவில்லை. போனில் சொல்லிப் புரியவைக்கிற விஷயமும் இல்லை. எழுதித் தருகிறேன் என்று சொல்லிவிட்டேன். சொன்ன வாய்க்கு இப்போது கை வலிக்கிறது.

மழை லில்லியைப் பார்க்காதவர்கள் கோலாலம்பூரில் இருக்க மாட்டார்கள். பார்த்தும் கவனித்திருக்க மாட்டார்கள். பூ இல்லாத நாளில் அது வெறும் புல்தான், வெங்காயத்தாள் மாதிரி ஒல்லியாக நாலு இலை. நல்ல வெயில் காய்ந்து, அதன் பிறகு ஒரு பெருமழை கொட்டி, சில நாள் போனால், ஒரு காலையில் எல்லாம் சேர்ந்து ரோஸ் நிறத்தில் எழுந்து நிற்கும். ஒரு நாள், மிஞ்சினால் இரண்டு நாள். பிறகு மறுபடியும் புல். கல்யாண வீட்டுக்கு மொத்தக் குடும்பமும் பட்டுக் கட்டிக்கொண்டு வந்து, பந்தி முடிந்ததும் ஒரேயடியாகக் காணாமல் போகும் பாருங்கள், அந்த ஜாதி. மண்ணுக்குள்ளே கிழங்கு இருக்கும். உருண்டையாக, மெல்லிய பழுப்புத் தோலோடு, அடியில் கொஞ்சம் வேரோடு, அசல் சின்ன வெங்காயம். வெங்காய வாசனை மட்டும் இருக்காது. சாப்பிட்டால் விஷம். இதை மனதில் வைத்துக்கொண்டு மேலே படியுங்கள்.

என் பெயர் லெட்சுமி. வீடு கிள்ளானில். கொமுட்டர் ரயிலில் வந்து இறங்கி, பிரிக்பீல்ட்ஸ் பக்கத்துச் சாலைகளைப் பார்த்துக்கொள்ளும் கும்பலில் ஓய்வு பெறும்வரை வேலை செய்தேன். புல் வெட்டினேன், குப்பை பொறுக்கினேன், செம்பருத்தி வேலியைக் கத்தரித்தேன். முழங்கால் தேய்ந்த பிறகு மண்டோர் ஆக்கினார்கள். மண்டோர் என்றால் கும்பலுக்குத் தலைவி. வேலை அதேதான், திட்டு மட்டும் மேலிருந்தும் கீழிருந்தும் வரும். பயிற்சி என்று தனியாக ஒன்று நடந்ததாக எனக்கு ஞாபகம் இல்லை. செடி செத்தால் தப்பு, செழித்தால் சரி, அவ்வளவுதான் பாடம்.

மற்றதெல்லாம் நாதர் சாரிடம் பார்த்துத் தெரிந்துகொண்டது.

முழுப் பெயர் சிவகுருநாதர். எங்கள் மேலதிகாரி. யாழ்ப்பாணத்திலிருந்து வந்து மூன்று தலைமுறையாக அரசாங்க உத்தியோகம் பார்த்த குடும்பம். இங்கேயே பிறந்து வளர்ந்தவர்தான், ஆனால் வீட்டுத் தமிழை வாயிலிருந்து இறக்கவே இல்லை. வெள்ளைக் கான்வாஸ் சப்பாத்து போட்டுக்கொண்டு சேற்றில் இறங்குவார். ஏறும்போதும் அது வெள்ளையாகவே இருக்கும். எப்படி என்று இன்றுவரை எனக்குத் தெரியாது. கையில் எப்போதும் ஒரு கறுப்புக் குடை, மடித்தபடியே. அதன் நுனியால் மண்ணில் புள்ளி வைத்துக்கொண்டே போவார், நாங்கள் பின்னால் ஒவ்வொரு புள்ளியிலும் ஒரு கிழங்கை வைத்துக்கொண்டே வருவோம். மழை வந்தால் குடையை விரிக்க மாட்டார். கடை ஓரத்தில் ஒதுங்கி நிற்பார். அந்தக் குடை விரியுமா என்பதே எங்கள் கும்பலில் ஒரு பெரிய சந்தேகம்.

எங்களை 'நீர்' என்பார். செடிகளை 'அவையள்', அதாவது 'அவர்கள்' என்பார். எங்களுக்குக் கொடுப்பதைவிட ஒரு படி கூடின மரியாதை.

"கழுத்தை மூடாதையும் பிள்ளை. அவையள் மூச்சு விட வேணும். வேர்த்தட்டு கீழ, கழுத்து வெளிய. ஓம், அப்பிடித்தான்."

வேர்த்தட்டு என்பது கிழங்கின் அடியில் இருக்கும் சின்ன வட்டம். அங்கிருந்துதான் வேர் கிளம்பும். அது போனால் கிழங்கு போச்சு. அவர் ஒவ்வொரு கிழங்கையும் எடுத்து முதலில் அந்த இடத்தைத்தான் கட்டைவிரலால் தடவிப் பார்ப்பார். பிறகு மண்ணில் விரலை விட்டு, எடுத்து, முகர்ந்து, யோசிப்பார். யோசித்து முடிப்பதற்குள் எனக்கு இன்னொரு பாத்தி முடிந்துவிடும்.

பாராட்டு என்று ஒன்று அவர் வாயில் வந்ததே இல்லை. வேலை மோசம் என்றால் "ம்ஹூம்". பரவாயில்லை என்றால் "ம்". நன்றாக இருந்தால் அதுவும் வராது. எங்கள் கும்பலில் மூத்தவள் பாக்கியம் ஒருநாள் பொறுக்க முடியாமல் கேட்டே விட்டாள்.

"சார், நல்லாருக்கா இல்லியா, வாயைத் தொறந்து சொல்லுங்க லா. சாமிகிட்டகூட பூ விழுந்தா உத்தரவு கிடைக்குது."

"நான் என்னத்தைச் சொல்லுறது? அவையளைக் கேளும்" என்று செடியைக் காட்டிவிட்டுப் போய்விட்டார்.

இப்படிப்பட்ட மனிதர் ஒருநாள் ஆபீசிலிருந்து நேராக எங்களிடம் வந்தார். முகம் சரியில்லை. புதிதாக வந்திருக்கும் பெரிய அதிகாரி ஒரு மலாய் அம்மா, நாங்கள் புவான் என்போம். பிளாஸ்டிக் பூ விற்கும் கம்பெனி ஒன்று அவரிடம் படம் எல்லாம் காட்டியிருக்கிறது. தண்ணீர் வேண்டாம், உரம் வேண்டாம், ஆள் வேண்டாம், மாதம் ஒருமுறை தூசி தட்டினால் போதும். பிரிக்பீல்ட்ஸ் சாலை நடுவில் நாங்கள் பார்த்துக்கொண்டிருந்த நீளமான மண்மேட்டைச் சிமெண்ட் பூசி, மேலே பிளாஸ்டிக் பூத்தொட்டி வைத்துவிடலாம் என்று ஏறக்குறைய முடிவாகிவிட்டது. அந்த மேடு போனால் எங்கள் ஐந்து பேருக்கும் வேலை இல்லை. நாதர் சார் போய்ப் பேசி ஒரே ஒரு வாய்ப்பு வாங்கி வந்திருக்கிறார். புவான் ஒரு தேதி கொடுத்திருக்கிறார். அன்றைக்கு வந்து பார்ப்பார். மேடு முழுக்கப் பூ இருந்தால் மண் பிழைத்தது. இல்லையென்றால் சிமெண்ட்.

என் மகள் அப்போது காலேஜில் கடைசி வருடம். பாக்கியத்துக்குப் புருஷனும் இல்லை, பிள்ளையும் இல்லை, அந்த மேடுதான் எல்லாம்.

"என்னா பூ சார் வைக்கப் போறோம்?" என்றேன்.

"மழை லில்லி. டெங்கில் நர்சரியில நிறையக் கிடக்கு. கொஞ்ச நாள் தண்ணி காட்டாமல் காயப்போட்டு, பிறகு ஒரேயடியா நனைச்சால், அவையள் சொன்ன நாளில வருவினம்."

"சார், இது கோலாலம்பூரு. தினம் மத்தியானம் மழை பேயுது. எங்க போயி காயப்போடுறது?"

அவர் கையில் இருந்த குடையைப் பார்த்தார்.

டெங்கில் ஊரிலிருந்து லோரியில் கிழங்கு வந்தது. எதில் கட்டி வந்தது என்றுதான் நீங்கள் கேட்க வேண்டும். சிவப்பு வலைப் பையில். வெங்காயம் வருமே, அதே பை. மேட்டின் ஒரு முனைக்கு நேர் எதிரே ஜமால் பாயின் சாப்பாட்டுக் கடை. அங்கே வெங்காயம் தீர்ந்த பைகளை பாய் எங்களுக்குச் சும்மா தருவார், நாங்கள் அதை நர்சரிக்கு அனுப்புவோம். கிழங்குக்குக் காற்றுப் போகும், பைக்குச் செலவில்லை. இத்தனை வருடமாக அப்படித்தான்.

அன்றைக்கு மண் ஈரமாக இருந்தது, நட முடியாது. கிழங்கை எங்கே வைப்பது? நாதர் சார் தெருவை மேலும் கீழும் நடந்து பார்த்தார். நிழல் வேண்டும், காற்று வேண்டும், தரை ஈரம் படக்கூடாது, தொங்கவிட்டால் இன்னும் நல்லது. கடைசியில் பாய் கடைப் பின்புறத்து ஐந்தடிப் பாதையில், கூரை போட்ட அந்த நடைபாதையில் நின்றார். அங்கே ஒரு இரும்புக் கம்பி இருந்தது.

"இதைவிடத் திறமான இடம் கிடையாது" என்றார்.

எப்படிக் கிடைக்கும்? பாய் வெங்காயம் தொங்கவிடுகிற கம்பி அது. அந்த நேரம் காலியாக இருந்தது, அவ்வளவுதான். பாயிடம் சொல்லித்தான் வைத்தோம். பாயும் சரி என்றுதான் சொன்னார். சமையல்காரன் சிக்கந்தரிடம் சொல்ல வேண்டும் என்று யாருக்கும் தோன்றவில்லை. அவன் ராமநாதபுரத்திலிருந்து வந்து சேர்ந்து அதிக நாள் ஆகவில்லை.

மறுநாள் சாப்பாட்டு நேரத்துக்குக் கொஞ்சம் முன்னால் தே தாரிக் குடிக்கப் போனேன். சிக்கந்தர் பின்கட்டில் உட்கார்ந்து ஏதோ பாடிக்கொண்டே உரித்துக்கொண்டிருந்தான். என்னைப் பார்த்ததும் ஒரே சந்தோஷம்.

"அக்கா, இந்தா பாருங்க, பாய் புது தினுசா வெங்காயம் வாங்கிருக்காரு. இவ்வளவு உரிச்சிட்டேன், கண்ணே எரியல! மலேசியா வெங்காயம் மலேசியா வெங்காயம்தான்!"

அவன் முன்னால் இருந்த பேசினைப் பார்த்தேன். வெள்ளை வெளேரென்று எங்கள் ஐந்து பேருடைய பிழைப்பும் அதில் கிடந்தது.

"அடப்பாவி! எதுலடா போட்ட?"

"எதுலயும் போடலக்கா. இது ராத்திரிக்கு. காலைல உரிச்சதுதான் சாம்பார்ல போயிருச்சு."

நான் போட்ட கத்தலில் முன்னால் இருந்த ஆட்கள் எல்லாம் எழுந்து நின்றுவிட்டார்கள். இலை போட்டாகிவிட்டது. சோறு விழுந்தாகிவிட்டது. பையன்கள் சாம்பார் வாளியைக் கையில் எடுத்துவிட்டார்கள். நான் ஓடிப்போய் வாளியை இரண்டு கையாலும் கட்டிப் பிடித்துக்கொண்டேன். சூடு. என் கையில் இன்னும் அந்த அடையாளம் இருக்கிறது.

பாய் ஓடி வந்தார். காதோடு சொன்னேன். முகத்தில் ரத்தம் இல்லை மனிதருக்கு. ஆனால் கடைக்காரர் கடைக்காரர்தான். ஒரு நிமிஷம் கண்ணை மூடினார். திறந்தார். கடை முழுக்கக் கேட்கும்படி சிரித்தார்.

"இன்னைக்கு சாம்பார் கட்! ரசம் ஸ்பெஷல்! யார் எத்தனை தடவை கேட்டாலும் ஊத்து! கோழி வறுவல் ஃப்ரீ!"

கோழி என்றதும் சாம்பாரை யாரும் நினைக்கவில்லை. ஒருவர் வாயிலும் ஒரு சொட்டுப் போகவில்லை. பெரிய சட்டிச் சாம்பாரைப் பின்னால் குழி தோண்டிக் கொட்டினோம். பாய் குழியைப் பார்த்துக்கொண்டே நின்றார்.

"தங்கச்சி, இது வெளிய போச்சுன்னா என் கடை முடிஞ்சுச்சு. விஷ வெங்காயம் போட்ட கடைன்னு ஒருத்தன் போன்ல போட்டா போதும்."

"எங்க வாயிலிருந்து வராது பாய்" என்றேன். பாக்கியம் தாலி இருந்த இடத்தில் கை வைத்துச் சத்தியம் செய்தாள். விஷயம் கேட்டு ஓடி வந்திருந்த நாதர் சாரும் தலையசைத்தார்.

சார் உரித்த கிழங்குகளை ஒவ்வொன்றாக எடுத்து வேர்த்தட்டைத் தடவினார். சிக்கந்தருக்கு ஒரு பழக்கம் இருந்தது, முதலில் தோலை எல்லாம் உரித்துவிட்டு, கடைசியில்தான் மொத்தமாக அடியை நறுக்குவான். நறுக்குவதற்குள் நான் போய்ச் சேர்ந்துவிட்டேன்.

"உடுப்பைத்தான் கழட்டியிருக்கிறான். உயிர் இருக்கு" என்றார் சார். பாயிடம் நீட்டினார். "இவையளைக் கொஞ்சம் நிழலில காயவிட்டு, உம்மட கடைக்கு முன்னால இருக்கிற அந்த முனையில நடும். இவையளுக்கு இனி நீர்தான் பொறுப்பு."

மேட்டின் அந்த முனை அப்படித்தான் பாய் கைக்குப் போனது. மற்ற நீளம் முழுக்க நாங்கள் நட்டோம். கம்பியில் மிச்சம் இருந்த கிழங்கு அதற்குப் போதுமானதாக இருந்தது. சார் புள்ளி வைத்தார், நாங்கள் கழுத்தை வெளியே விட்டு நட்டோம். வேர் பிடித்து, இலை வந்ததும், காயப்போட ஆரம்பித்தோம். அன்றையிலிருந்து நாதர் சார் பாய் கடையில் சாம்பார் தொடவில்லை. தோசைக்குச் சீனி தொட்டுச் சாப்பிட்டார். அதைப் பார்க்கும்போதெல்லாம் பாய் முகம் தொங்கிப்போகும். நாங்கள் ஐந்து பேரும் சாம்பார் ஊற்றிச் சாப்பிட்டு ஆறுதல் காட்டுவோம், ஆனால் எங்களுக்குமே முதல் வாய் கொஞ்சம் தயங்கும்.

இப்போது மழைக்கு வருகிறேன். மேட்டின் மேல் நீலக் கான்வாஸ் விரிக்கலாம், ஆனால் நாள் முழுக்க மூடினால் இலை அழுகும். மழை வரும்போது மட்டும் மூட வேண்டும். மழையோ சொல்லிக்கொண்டு வருவதில்லை. கான்வாஸ் நீளம் பத்தாத இடத்துக்கு ஆளுக்கு இரண்டு குடை. மத்தியானம் வானம் கறுத்ததும் ஐந்து பெண்கள் நடுரோட்டு மேட்டில் ஓடுவோம். குடையைச் செடிக்குப் பிடித்துக்கொண்டு நாங்கள் தொப்பலாக நனைவோம். பஸ்ஸில் போகிற ஜனம் எல்லாம் ஜன்னலில் ஒட்டிக்கொண்டு வீடியோ எடுத்தது.

"அக்கா! செடிக்குச் சளி பிடிச்சுக்குமா?" என்று ஒரு மோட்டார் சைக்கிள்காரன் கத்தினான்.

"ஒனக்குப் பிடிக்கட்டும், போடா!" என்று பாக்கியம் பதில் கொடுத்தாள்.

ஒருநாள் மழை பயங்கரமாக அடித்தது. காற்றில் கான்வாஸ் ஒரு பக்கம் பிய்த்துக்கொண்டு போனது. எங்களிடம் குடை தீர்ந்துவிட்டது. அப்போது கடை ஓரத்தில் ஒதுங்கி நின்ற நாதர் சார் இறங்கி வந்தார். வெள்ளைச் சப்பாத்து தண்ணீரில் முங்கியது. குடையை விரித்தார். விரிந்தது! உள்ளே ஒரு கம்பிகூடத் துருவில்லை. திறந்து கிடந்த இடத்தில் குந்தி உட்கார்ந்து, செடிக்கு மேலே பிடித்துக்கொண்டு, மழை விடும்வரை அப்படியே இருந்தார். கண்ணாடியில் தண்ணீர் ஒழுகியது. நாங்கள் யாரும் சிரிக்கவில்லை. எனக்கு அவர்மேல் அவ்வளவு பாசம் வந்தது அன்றைக்குத்தான்.

மழையாவது வானத்திலிருந்து வந்தது. மனிதர்கள்தான் பெரிய தொல்லை. செடி வாடுவதைப் பார்த்துக்கொண்டு நம் ஜனத்தால் சும்மா போக முடியாது. கோயிலுக்குப் போகிற ஆன்டிகள் பாட்டிலில் மிச்சம் இருக்கிற தண்ணீரைச் செடிக்கு ஊற்றப் பார்ப்பார்கள். "பாவம், கொல்றீங்களேம்மா" என்று எனக்குச் சாபம் வேறு. ஒவ்வொருவரையும் விரட்டிக்கொண்டிருந்தேன். ஆனால் ஒரு காலை, ரயில் சீக்கிரம் வந்த நாளில், பாயையே பிடித்துவிட்டேன். அரிசி கழுவின தண்ணீரை ஒரு வாளியில் கொண்டுவந்து தன் முனைக்கு ஊற்றிக்கொண்டிருந்தார். ஆரம்பத்திலிருந்தே தினமும் ஊற்றி வருகிறாராம்.

"என்னா பாய் இது! காயப்போடணும்னு படிச்சுப் படிச்சு சொன்னோமா இல்லியா?"

"தங்கச்சி, உடுப்பு இல்லாத பிள்ளைங்க. என் கடையிலதான் கழட்டினது. தாகமா இருக்கும்னு மனசு கேக்கல."

"இதுங்க பூக்கலைன்னா எங்களுக்குச் சோறு இல்ல பாய். தெரியுமா? இனிமே ஒரு சொட்டு ஊத்தினீங்க, நான் மனுஷியா இருக்க மாட்டேன்!"

கொஞ்சம் அதிகமாகத்தான் கத்திவிட்டேன். என் கோபம் ஊருக்கே தெரியும். பாய் அரண்டுபோய்த் தன் முனைக்குத் தனியாக ஒரு கான்வாஸ் வாங்கி மழைக்கு மூடினார். வாளியை உள்ளே கொண்டுபோய் வைத்துவிட்டார்.

குறித்த தேதிக்குச் சில நாள் முன்னால், சார் மண்ணில் விரல் விட்டு, முகர்ந்து, "இப்ப" என்றார். தண்ணீர் லோரி வந்தது. குழாயைப் பிடித்து மேடு முழுக்கக் குளிப்பாட்டினோம். அன்றைக்கும் பாய் முனையில் கான்வாஸ் மூடியே கிடந்தது. இப்போது ஊற்றலாம் என்று அவருக்குச் சொல்ல வேண்டிய ஆள் நான். நான் பேசாமல் முறைத்துக்கொண்டு போய்விட்டேன். அவரும் கேட்கப் பயந்துவிட்டார்.

குறித்த நாள் காலை ரயிலிலிருந்து இறங்கி நடந்து வந்தேன். சாலை திரும்பினதும் நின்றுவிட்டேன். ஐயோ, அதை எப்படிச் சொல்வது! அந்த முனையிலிருந்து இந்த முனைவரை, பாயின் முனையைத் தவிர, அத்தனையும் ரோஸ். ஜனம் கூட்டம் கூட்டமாக நின்று செல்ஃபி எடுத்தது. பாக்கியம் ஒப்பாரி வைக்காத குறையாக அழுதாள். நாதர் சார் ஒரு முனையிலிருந்து மறு முனைவரை நடந்தார். "ம்" கூட இல்லை.

காத்திருந்தோம். சட்டையில் மண் படாமல் வரிசையாக நின்றோம். வெயில் ஏறியது. மத்தியானம் ஆனது. சாருக்குப் போன் வந்தது. கேட்டார். பையில் வைத்தார்.

"புவானுக்கு வேற கூட்டமாம். அடுத்த கிழமை வருவாவாம்."

சார் பூக்களைத்தான் பார்த்துக்கொண்டிருந்தார்.

"அவையள் சொன்ன நாளில வந்திட்டினம்" என்றார். அவ்வளவுதான்.

மறுநாள் சாயங்காலத்துக்குள் எல்லாம் சுருங்கிவிட்டது. மறுபடியும் வெறும் புல். இனிமேல் காயப்போட நாளும் இல்லை. எங்களுக்குக் குடையைத் தூக்கத் தெம்பும் இல்லை. வேலைக்குப் போனோம், வந்தோம். இனி என்ன செய்தாலும் திட்டுவதற்கு ஆள் இல்லை என்று தெரிந்ததும் பாய் தன் முனையின் கான்வாஸைத் தூக்கி எறிந்துவிட்டு, உள்ளே சேர்த்து வைத்திருந்த அரிசித் தண்ணீர்ப் பீப்பாயை மொத்தமாகக் கவிழ்த்திருக்கிறார். அது பிறகுதான் எனக்குத் தெரிய வந்தது.

புவான் அடுத்த வாரம் வந்தார். காரிலிருந்து இறங்கினார். நீளமான பச்சைப் புல்லைப் பார்த்தார்.

"புங்கா மானா?" என்றார். பூ எங்கே?

நான் போனை எடுத்துப் போன வாரப் படத்தைக் காட்டப் போனேன். கையை ஆட்டித் தடுத்துவிட்டார். படம் பிளாஸ்டிக் கம்பெனிக்காரனும்தான் காட்டினான், நான் கண்ணால் பார்க்கத்தான் வந்தேன் என்றார். கோபமாகச் சொல்லவில்லை, பாவம், வெயிலில் களைத்துச் சொன்னார். திரும்பிக் காருக்கு நடந்தார். கார் நின்றது பாய் கடைக்கு முன்னால்.

அங்கே போய் நின்றுவிட்டார். நாங்களும் ஓடினோம். மேட்டு முனையில், நெருக்கி நெருக்கி, அடர்ந்த ரோஸ் நிறத்தில், அன்று காலைதான் திறந்த பூ. சிக்கந்தர் உடுப்பைக் கழற்றின அத்தனை கிழங்கும் நிமிர்ந்து நின்றது.

இது மட்டும் ஏன் பூத்திருக்கிறது என்று புவான் கேட்டார். எனக்குத் தெரியும். சாருக்கும் தெரியும். சொன்னால் சாம்பார் கதையைச் சொல்ல வேண்டும். சத்தியம் செய்திருக்கிறோம். ஐந்து பேரும் தரையைப் பார்த்தோம். சார் குடை நுனியைப் பார்த்தார். சொல்லாவிட்டால் எங்கள் வேலை போச்சு, சொன்னால் பாய் கடை போச்சு. என் வாய் அத்தனை பெரிய வாய், அன்றைக்குப் பூட்டிக்கொண்டது.

கடைக்குள்ளிருந்து பாய் வந்தார். தோளில் இருந்த துண்டை எடுத்துக் கையில் பிடித்துக்கொண்டார். புவானிடம் மலாயில் பேச ஆரம்பித்தார். ஒன்றையும் விடவில்லை. சிவப்புப் பை, சிக்கந்தர், கண் எரியாதது, சாம்பார், குழி, இலவசக் கோழி, அரிசித் தண்ணீர், நான் கத்தினது எல்லாம் சொன்னார். போன வாரம் இந்த மேடு முழுக்கப் பூ இருந்தது, நான் பார்த்தேன், இந்தப் பெண்கள் செடிக்குக் குடை பிடித்து நனைந்தார்கள், அதையும் பார்த்தேன், இவர்கள் சொன்னபடி கேட்காத ஒரே ஆள் நான், அதனால்தான் என் பூ இன்று வந்தது என்றார். கடை லைசென்ஸ் தருகிற ஆபீசின் பெரிய அதிகாரி புவான். அது பாய்க்குத் தெரியாமல் இல்லை.

புவான் முகத்தில் முதலில் ஒன்றும் தெரியவில்லை. "அலாமாக்!" என்றார், நம் 'ஐயய்யோ' மாதிரி. பிறகு உதடு துடித்தது. பிறகு சிரித்தார் பாருங்கள், காரில் சாய்ந்துகொண்டு, கண்ணாடியைக் கழற்றி, வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தார். சிரித்து முடித்துப் பூவைத் தொட்டுப் பார்த்தார்.

"பிளாஸ்டிக் பூவை யாராவது சாம்பாரில் போடுவார்களா?" என்று மலாயில் கேட்டார். "மண் இருக்கட்டும். சிமெண்ட் வேண்டாம்." பாய் பக்கம் திரும்பினார். "ஆனால் உங்கள் சமையலறையைப் பார்க்க நாளைக்கே ஆள் அனுப்புவேன்."

அனுப்பவும் செய்தார். நல்ல கிரேடு கொடுத்துவிட்டுப் போனார்கள். அந்தக் கதை ஊர் முழுக்கப் பரவி, கடைக்குக் கூட்டம் இரண்டு பங்கானது. 'வெங்காயக் கடை' என்று அதற்குப் பெயர், எனக்கு 'வெங்காய அக்கா' என்று பெயர். பாய் பயந்தது ஒன்றும் நடக்கவில்லை. ஆனால் அன்று மத்தியானம் அவருக்கு அது தெரியாது.

அன்று மத்தியானம், கார் போன பிறகு, நாங்கள் எல்லாரும் கடைக்குள் போய் உட்கார்ந்தோம். நாதர் சார் குடையை மேசையில் சாய்த்து வைத்தார். பையன் வழக்கம்போல் தோசையும் சீனியும் கொண்டுவந்தான். சார் சீனியைத் தள்ளி வைத்தார்.

"பாய், சாம்பார் கொண்டுவாரும்."

பாய் அப்படியே நின்றார். பிறகு உள்ளே போனார். சாம்பார் வரவில்லை. ஒரு தட்டு நிறையச் சின்ன வெங்காயத்தோடு வந்து, சாருக்கு எதிரே நாற்காலியை இழுத்துப் போட்டு உட்கார்ந்தார்.

"நீங்க நம்பிச் சாப்பிடணும் சார். உங்க முன்னாலயே உரிக்கிறேன்."

உரித்தார். ஒன்று, இன்னொன்று, இன்னொன்று. அவர் கண்ணிலிருந்து தண்ணீர் இறங்கித் தாடிக்குள் போனது. அவர் துடைக்கவில்லை. எனக்கும் வந்தது. நான் கத்தினதற்கு மன்னிப்புக் கேட்க வாயெடுத்தேன், கேட்காமல் நானும் ஒரு வெங்காயத்தை எடுத்து உரிக்க ஆரம்பித்தேன். பாக்கியம் முந்தானையை முகத்தில் வைத்துக்கொண்டாள். வாசலில் நின்ற சிக்கந்தர் மூக்கை உறிஞ்சினான்.

நாதர் சார் கண்ணாடியைக் கழற்றினார். கைக்குட்டையை எடுத்து இரண்டு கண்ணையும் நிதானமாக ஒற்றிக்கொண்டார்.

"ஓம்" என்றார். "வெங்காயம்தான்."

பிறகு, அதே வெங்காயம் கொதித்து வந்த சாம்பாருக்குக் கையை நீட்டினார்.